புவெப்லாவில் ஆறு பேர் குழுவோடு நடைச்சுற்றுலா: கொடுக்கும் காசுக்குத் தகுமா?

மேகமலை:
வணக்கம். பிப்ரவரியில் அப்பா அம்மாவை மெக்சிகோ அழைத்துப் போகிறேன். மெக்சிகோ சிட்டியில் மூன்று நாள், புவெப்லாவில் இரண்டு நாள். இருவரிடமும் அமெரிக்க விசா இருப்பதால் மெக்சிகோவுக்குத் தனி விசா வேண்டியிருக்கவில்லை, அந்தத் தலைவலி தீர்ந்தது.

கேள்வி புவெப்லா பற்றி. விடுதியில் ஒரு நடைச்சுற்றுலா இருப்பதாகச் சொல்கிறார்கள். அதிகபட்சம் ஆறு பேர், ஆங்கிலம் பேசும் கைடு, பழைய நகரத்துக்குள் நான்கு மணி நேரம். மூன்று பேருக்குக் கணக்குப் போட்டால் கொஞ்சம் கை கடிக்கிறது. போனில் வரைபடம் இருக்கும்போது இது தேவையா?

அப்பாவுக்கு முழங்கால் வலி. அது ஒரு சிக்கல். அதைவிடப் பெரிய சிக்கல் அப்பாவேதான். தஞ்சாவூரில் முப்பது வருடம் வரலாறு வாத்தியார். பெரிய கோயில் விமானத்தின் நிழல் தரையில் விழாது என்று யாராவது கைடு சொல்லிவிட்டால் மதியம் வரை அவனைப் பிடித்து வைத்து விழும் நிழலைக் காட்டிவிட்டுத்தான் விடுவார். அம்மா சுத்த சைவம், முட்டையும் கிடையாது.

டாலஸ் அத்தை:
தம்பி, நான் அங்கே இரண்டு டூர் போனேன். ஒன்று குப்பை, ஒன்று தங்கம். இரண்டையும் சொல்கிறேன், நீயே முடிவு செய்துகொள்.

முதலாவதை இணையத்தில் பதிவு செய்தேன். எட்டு பேர்தான் என்று போட்டிருந்தது. காலையில் போய் எண்ணினால் இருபத்து மூன்று தலை. முன்னால் ஒருவர் குடையைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறார், நாங்கள் கல்யாணத்துக்கு வந்த கூட்டம் மாதிரிப் பின்னால் ஓடுகிறோம். சாந்தோ டொமிங்கோ தேவாலயத்துக்குள் ரோசாரியோ சிற்றாலயம் இருக்கிறது. 1690-ல் திறந்தது. சுவர், கூரை, குவிமாடம் எங்கும் சுதை வேலை, அதன்மேல் தங்கத் தகடு. தலையை நிமிர்த்தினால் கழுத்து தானாக இறங்காது. அங்கே எங்களுக்குக் கொடுத்தது ஏழு நிமிடம். அடுத்து ஒரு பீங்கான் கடையில் ஐம்பது நிமிடம். ஏன் என்று உனக்குத் தெரியும். வாசலில் நின்று மணி பார்த்துக்கொண்டே இருந்தேன்.

மறுநாள் சுற்றுலாத் துறை அடையாள அட்டையைக் கழுத்தில் மாட்டிய ஒரு பெண்மணியைப் பிடித்தேன். நாங்கள் ஐந்து பேர். அவர் எங்களைத் தேவாலயத்துக்கு அழைத்துப் போகவில்லை, சோக்கலோ சதுக்கத்தில் ஒரு பெஞ்சில் உட்கார வைத்தார். மெக்சிகோ சிட்டி போன்ற ஊர்களில் பழைய நகரத்தை இடித்து அதன்மேல் ஸ்பானியர் கட்டினார்கள். இதையோ 1531-ல் ஸ்பானியக் குடியேறிகளுக்காகவே வெறும் நிலத்தில் கட்டம் போட்டு எழுப்பினார்கள், வெராக்ரூஸ் துறைமுகத்துக்கும் மெக்சிகோ சிட்டிக்கும் போகிற வழியில். பழங்குடி மக்களின் பெரிய நகரமான சோலூலா பக்கத்திலேயே இருந்தது. “அப்படியானால் இந்த நகரத்தைக் கட்டிய கைகள் ராத்திரி எங்கே தூங்கின?” என்று கேட்டுவிட்டு எழுந்து நடந்தார்.

கிழக்கே கொஞ்ச தூரத்தில் வண்டிகள் சீறிக்கொண்டு போகும் ஒரு அகலச் சாலை. நடைபாதையில் நிறுத்தி, உங்கள் காலுக்குக் கீழே ஆறு ஓடுகிறது என்றார். சான் பிரான்சிஸ்கோ ஆறு. அதைக் குழாயில் அடைத்து மேலே சாலை போட்டது 1960-களில்தானாம். இந்தப் பக்கம் ஸ்பானியர் குடியிருப்பு, அந்தப் பக்கம் வேலைக்கு வந்த பழங்குடிச் சேரிகள். எதிர்க்கரையில் இருக்கும் பகுதியின் பெயர் அனால்கோ. பழங்குடி மக்களின் நாவாட்டில் மொழியில் ‘தண்ணீருக்கு அந்தப்பக்கம்’ என்று அர்த்தம். தண்ணீர் கண்ணில் படவில்லை, பெயர் மட்டும் மிச்சம். அந்தச் சாலையை நான் முதல் நாள் இரண்டு முறை கடந்திருந்தேன். எனக்கு அது வெறும் சிக்னல்.

கொடுத்த காசு எனக்கு அந்த இடத்திலேயே வசூலாகிவிட்டது. எத்தனை பேர் என்பதை எழுத்தில் வாங்கு, கடைக்குப் போவார்களா என்று முன்கூட்டியே கேள். அவ்வளவுதான்.

வரைபடம்போதும்:
மாற்றுக் கருத்து. மெக்சிகோவிலேயே தனியாகச் சுற்ற மிகச் சுலபமான ஊர் புவெப்லாதான். பழைய நகரம் முழுக்கக் கட்டம் கட்டமாக இருக்கும். வடக்கு தெற்காகப் போகும் தெருக்களுக்கு நோர்தே, சூர். கிழக்கு மேற்காகப் போவதற்கு ஓரியென்தே, போனியென்தே. மையத்துக்குக் கிழக்கே உள்ள தெருக்கள் இரட்டைப்படை, மேற்கே ஒற்றைப்படை. குறுக்குத் தெருக்களில் வடக்கே இரட்டை, தெற்கே ஒற்றை. அதாவது “6 ஓரியென்தே” என்று சொன்னாலே மையத்துக்கு வடகிழக்கில் மூன்றாவது குறுக்குத் தெரு என்று புரிந்துவிடும். சென்னையில் ஒரு முகவரியை இப்படிக் கண்டுபிடியுங்கள் பார்ப்போம்.

மெக்சிகோ சிட்டியில் தாப்போ நிலையத்தில் பஸ் ஏறினால் இரண்டு மணி நேரம். விமான நிலையத்திலிருந்தே நேரடி பஸ்ஸும் உண்டு. ஊருக்குள் எல்லாம் நடை தூரம்.

கைடுகள் மேல் எனக்கு இன்னொரு புகாரும் உண்டு: பாதிக் கதை புளுகு. தலைமைத் தேவாலயக் கோபுரத்துக்குப் பெரிய மணியை ஏற்ற முடியாமல் தவித்தார்களாம், ராத்திரியில் தேவதைகள் வந்து தூக்கி வைத்தார்களாம். மோலே குழம்பைக் கன்னியாஸ்திரீ ஒருவர் அவசரத்தில் கண்டுபிடித்தாராம். சோலூலாவில் நாளுக்கு ஒன்றாக 365 தேவாலயமாம். எண்ணிப் பார்த்தால் அவ்வளவு தேறாது. மே 5 மெக்சிகோவின் சுதந்திர நாள் என்று நம் ஆட்களிடம் அடித்துவிட்டவரையும் கேட்டிருக்கிறேன். சுதந்திர நாள் செப்டம்பர் 16. மே 5 என்பது 1862-ல் தளபதி சரகோசா இதே புவெப்லாவில் பிரெஞ்சுப் படையை விரட்டிய நாள். அடுத்த வருடமே பிரெஞ்சுக்காரர்கள் திரும்பி வந்து இரண்டு மாதம் முற்றுகையிட்டு ஊரைப் பிடித்தார்கள் என்பதை எந்தக் கைடும் எனக்குச் சொன்னதில்லை. அப்பா வாத்தியார் வேறு. காசு கொடுத்து ரத்தக் கொதிப்பு வாங்க வேண்டுமா?

கல்தச்சன்:
வரைபடம்போதும் சொல்வதில் பாதி சரி. வழி கண்டுபிடிக்கக் கைடு தேவையில்லை. ஆனால் புவெப்லாவில் விஷயம் இருப்பது சுவருக்கு உள்ளே.

உதாரணம், 6 ஓரியென்தேயில் செர்தான் குடும்பத்து வீடு. மெக்சிகோ புரட்சி 1910 நவம்பர் 20 அன்று தொடங்க வேண்டும் என்று புரட்சித் தலைவர் மதேரோ நாள் குறித்திருந்தார். இந்த வீட்டில் துப்பாக்கி பதுக்கியிருந்தது போலீசுக்குத் தெரிந்து, இரண்டு நாள் முன்னதாக 18-ஆம் தேதியே வந்து கதவைத் தட்டினார்கள். உள்ளே செர்தான் சகோதரர்கள் அக்கிலெஸ், மாக்சிமோ, அவர்கள் அக்கா கார்மென், இன்னும் சிலர். வெளியே நூற்றுக்கணக்கில் படை. கார்மென் துப்பாக்கியோடு பால்கனிக்கு வந்து தெருவில் நின்ற மக்களைச் சேரச் சொல்லிக் கூப்பிட்டார். யாரும் வரவில்லை. மாக்சிமோ அன்றே செத்தார். அக்கிலெஸ் தரைக்கு அடியில் ஒரு குழியில் பல மணி நேரம் ஒளிந்திருந்து, வெளியே வந்தபோது சுட்டுக் கொன்றார்கள். வீட்டு முகப்பில் குண்டுத் துளைகளை இன்றும் பூசாமல் விட்டிருக்கிறார்கள். நான் போனபோது உள்ளே குறிப்புகள் பெரும்பாலும் ஸ்பானிஷில் இருந்தன. தனியாகப் போயிருந்தால் அந்தக் குழியை ஏதோ சாக்கடை மூடி என்று நினைத்துத் தாண்டியிருப்பேன்.

பாலஃபோக்சியானா நூலகத்தை எப்படியும் விட்டுவிடாதீர்கள். 1646-ல் பிஷப் பாலஃபோக்ஸ் தன் 5,000 புத்தகங்களைக் கொடுத்து, படிக்கத் தெரிந்த யாரும் வரலாம் என்று தொடங்கி வைத்தது. இப்போது 45,000-க்கு மேல் இருக்கின்றன. மூன்று அடுக்கு மர அலமாரி. என் கைடு வாசலிலேயே, “உள்ளே நான் பேச மாட்டேன், பத்து நிமிடம் சும்மா இருங்கள்” என்று சொல்லிவிட்டுத் தள்ளி நின்றார். வாயை எப்போது மூட வேண்டும் என்று தெரிந்த கைடு கிடைப்பது அபூர்வம்.

புளுகு பற்றி: கதை சொல்வதில் தப்பில்லை. கதையைக் கதை என்று சொல்ல வேண்டும். பொம்மை வீடு என்று ஒன்று 2 நோர்தேயில் இருக்கிறது. முகப்பு ஓடுகளில் கோணல்மாணலாக ஆடும் மனிதர்கள். வீட்டை உயரமாகக் கட்ட விடாத நகரசபை உறுப்பினர்களைக் கேலி செய்யத்தான் சொந்தக்காரர் அவர்கள் உருவத்தைப் பதித்தார் என்பது ஊர்க்கதை. என் கைடு அதை ரசித்துச் சொன்னார். அப்புறம், இவை ஹெர்குலிஸின் சாகசக் காட்சிகள் என்று கலை வரலாற்றாளர் தரப்பில் ஒரு விளக்கம் இருக்கிறது, கையில் உள்ள தடியைப் பாருங்கள் என்றார். எங்கள் குழுவில் இருந்தவர்கள் தெருவிலேயே இரண்டு கட்சியாகப் பிரிந்து பேசிக்கொண்டார்கள். இருபத்து மூன்று பேரை வைத்துக்கொண்டு இது நடக்காது.

திங்கட்கிழமை நூலகம், அருங்காட்சியகங்கள் பலவும் மூடியிருக்கும். அம்பாரோ அருங்காட்சியகத்துக்கு மட்டும் செவ்வாய் விடுமுறை. உங்கள் இரண்டு நாளும் எந்தக் கிழமை?

வல்வைக்காரி:
நான் டொரொன்டோவிலிருந்து போனது. ஒருவரும் கத்தரினா பற்றிச் சொல்லவில்லையே?

சதுக்கத்துக்குக் கிட்ட லா கொம்பாஞியா என்ற இயேசுசபைத் தேவாலயம் இருக்கு. அங்கேதான் கத்தரினா தெ சான் ஹுவான் அடக்கம். ஊர் அவவைச் ‘சீனா பொப்லானா’, அதாவது புவெப்லாவின் சீனப்பெண் என்று சொல்லும். ஆனால் அவ சீனாவைச் சேர்ந்தவ இல்லை, இந்தியாவிலே பிறந்தவ. 1600-களின் தொடக்கத்தில் சிறுபிள்ளையாக இருக்கேக்க போர்த்துக்கேயர் பிடித்துக் கொச்சிக்குக் கொண்டு வந்தார்கள். அங்கே ஞானஸ்நானம். பிறகு மணிலா. அங்கிருந்து கப்பலில் பசிபிக்கைக் கடந்து அகாபுல்கோ, கடைசியாகப் புவெப்லாவில் ஒரு வியாபாரி வீட்டில் அடிமை. அந்தக் காலத்தில் மணிலாக் கப்பலில் வந்த ஆசியர் எல்லாரையும், தமிழனோ மலையாளியோ பிலிப்பினோவோ, ‘சீனோ’ என்ற ஒரே சொல்லில் அடக்கிவிட்டார்கள். ஆசிய அடிமைகளை விடுவிக்கும் ஆணை 1672-ல்தான் வந்தது.

கடைசிக் காலத்தில் காட்சி காண்கிற புனிதவதி என்று ஊரே கும்பிட்டது. 1688-ல் செத்தபோது பெருங்கூட்டம். இயேசுசபைப் பாதிரியார் ஒருவர் மூன்று பாகத்தில் வாழ்க்கை வரலாறு எழுத, திருச்சபை விசாரணைமன்றம் அவவின் படங்களையும் தடை செய்தது, அந்தப் புத்தகத்தையும் தடை செய்தது.

எங்கள் கைடுக்கு இது முழுக்கத் தெரிந்திருந்தது. நான் இலங்கை, கொச்சிக்குக் கிட்டத்தட்டப் பக்கத்து நாடு என்றதும் கல்லறை முன்னால் வைத்து அரை மணித்தியாலம் கதைத்தவர். பெரிய குழுவில் இதுக்கு இடம் இருக்காது.

இன்னொன்று. மோலேயிலும் சூடான சொக்லேட்டிலும் போடும் ‘கனேலா’ எங்கட கறுவா. இலங்கைக் கறுவாவை உலகத்திலேயே அதிகம் வாங்கும் நாடு மெக்சிகோதான். சந்தையில் அந்த மெல்லிய சுருளைக் கையில் எடுத்து மணந்து பார்த்தபோது சிரிப்பு வந்திட்டுது.

வரைபடம்போதும்:
கத்தரினா விஷயம் எனக்குத் தெரியாது. ஒப்புக்கொள்கிறேன். அந்தத் தேவாலயத்தைப் படம் எடுத்துவிட்டு உள்ளே போகாமல் வந்தவன் நான்.

ஆனால் ஒன்று கேட்கிறேன். பூ வேலை செய்த பாவாடை, வெள்ளைச் சட்டை, சால்வை என்று ‘சீனா பொப்லானா’ உடை ஒன்றைக் கடைகளில் விற்கிறார்களே, அதை இந்த அம்மா இந்தியாவிலிருந்து கொண்டு வந்த புடவையிலிருந்து பிறந்தது என்கிறார்களே?

வல்வைக்காரி:
அது பொருந்தாது. அந்த உடை 1800-களில் பெண்கள் உடுத்தினது. அவ வாழ்ந்தது 1600-களில். பெயர் ஒன்றாக இருந்ததால் பிற்காலத்தில் இரண்டையும் முடிச்சுப் போட்டார்கள். அவ எளிமையாக உடுத்தின பக்தை. சிலை வைத்து நீரூற்றும் கட்டியிருக்கினம், வடிவாத்தான் இருக்கு.

மேகமலை:
சனி, ஞாயிறு இரண்டு நாளும் இருப்போம், திங்கள் காலை பஸ். சரி, பதிவு செய்துவிடலாம் போல இருக்கிறது. சாப்பாட்டுக்கு யாராவது வழி சொல்லுங்கள். அம்மா ஏற்கனவே புளிக்காய்ச்சல் கிளறிக்கொண்டிருக்கிறார்.

புளிக்குழம்பு:
கிளறட்டும், காலியாகாமல் திரும்பி வரும்.

மோலே பொப்லானோவில் வரமிளகாயில் மட்டுமே மூன்று நான்கு வகை. எள், பாதாம், திராட்சை, கிராம்பு, பட்டை, வறுத்த சோள ரொட்டி, கொஞ்சம் சாக்லேட் எல்லாம் அரைத்த குழம்பு. வாசனைக்கு நம் வத்தக்குழம்பின் பணக்கார மாமன். ஆனால் பெரும்பாலும் கோழி வேகவைத்த தண்ணீரில்தான் கரைப்பார்கள். கறியை எடுத்துவிட்டுக் குழம்பு மட்டும் கொடு என்று கேட்டால் சந்தோஷமாகக் கொடுப்பார்கள், அது சைவம் ஆகாது. பருப்பு மசியலிலும் சோள மாவிலும் பன்றிக் கொழுப்பு இருக்கலாம். ‘சின் மன்தேகா’ என்றால் கொழுப்பு இல்லாமல். இதை அம்மாவுக்கு மனப்பாடம் செய்து கொடுங்கள். ‘கால்தோ தெ போயோ’ கோழிச் சாறு, அந்தச் சொல் காதில் விழுந்தால் உஷார்.

அம்மா, கொழுப்பும் முட்டையும் இல்லையா என்று கேட்டுக்கொண்டு சாப்பிட: பூசணிப்பூவும் பாலாடைக்கட்டியும் வைத்த கெசடியா, கள்ளிச் சதைப்பற்று வறுவல், அவகாடோவும் சீஸும் வைத்த செமிதா ரொட்டி. செமிதாவில் பாப்பலோ என்று ஒரு கீரை வைப்பார்கள். முதல் கடியில் மண்ணெண்ணெய், மூன்றாவது கடியில் பழகிவிடும். 6 ஓரியென்தேயில் இனிப்புக் கடைத் தெரு இருக்கிறது. சாந்தா கிளாரா சர்க்கரைவள்ளி மிட்டாய் வாங்குங்கள்.

அசைவக்காரர்களுக்கு தாக்கோ அராபே, ரொட்டியில் சுருட்டிய கறி. 1930-களில் மத்தியக் கிழக்கிலிருந்து வந்து குடியேறியவர்கள் ஆட்டுக்கறியில் கொண்டுவந்தது, இங்கே பன்றிக்கறி ஆகிவிட்டது. ஆளுக்கு ஆள் பரிந்துரைக்கும் சிலெஸ் என் நொகாதா, அதாவது அடைத்த மிளகாய்மேல் வால்நட் குழம்பு ஊற்றியது, பிப்ரவரியில் நல்ல இடத்தில் கிடைக்காது. அதற்கான வால்நட், மாதுளைப் பருவம் ஜூலை முதல் செப்டம்பர் வரை. அதற்குள்ளும் கொத்துக்கறிதான்.

கன்னியாஸ்திரீ மோலே கண்டுபிடித்த கதைக்கு: ‘மோல்லி’ என்பது ஸ்பானியர் வருவதற்கு முந்தைய நாவாட்டில் சொல், குழம்பு என்று அர்த்தம். பெயர் அவர்களுக்கு முன்பே இருந்தது. ஆனாலும் சாந்தா ரோசா மடத்துச் சமையலறையைப் போய்ப் பாருங்கள். தரை, சுவர், கூரை முழுக்க ஓடு பதித்தது.

டாலஸ் அத்தை:
இன்னொன்று, முழங்காலைச் சொன்னாயே. ஊர் சமதளம்தான், ஆனால் உயரம் 2,100 மீட்டருக்கு மேல். ஊட்டிக்குக் கொஞ்சம் கம்மி. முதல் நாள் மூச்சு வாங்கும். இரண்டாம் நாள் சோலூலா போவீர்கள். உலகத்திலேயே கன அளவில் பெரிய பிரமிடு அதுதான், ஒரு பக்கம் 400 மீட்டர் வரும். பார்த்தால் பிரமிடு என்றே தெரியாது, மரம் முளைத்த குன்று, உச்சியில் ஒரு மஞ்சள் தேவாலயம். ஏறும் பாதை கரடுமுரடான கல். அப்பா கீழே இருக்கட்டும். அதற்குப் பதிலாகப் பக்கத்தில் சாந்தா மரியா தொனான்சின்ட்லா அழைத்துப் போ. பழங்குடிக் கைவினைஞர்கள் தங்கள் கைப்பழக்கத்தில் செய்த தேவாலயம். தேவதைகளுக்கு அவர்கள் ஊர்ப் பிள்ளைகளின் முகம், சுற்றிலும் சோளமும் பழமும். படம் எடுக்க விடமாட்டார்கள், அதனால் நிஜமாகவே பார்ப்பாய். வானம் தெளிவாக இருந்தால் போப்போகாதெபெட்ல் எரிமலை புகை விட்டுக்கொண்டிருப்பது தெரியும்.

மேகமலை:
போய்விட்டு வந்தோம். கேட்டதற்குப் பதில் எழுதாமல் ஓடினால் மரியாதை இல்லை.

ஐந்து பேர். நாங்கள் மூவர், சிலி நாட்டுத் தம்பதி. கைடு ஐம்பது வயதுக்காரர், அடையாள அட்டை இருந்தது. விடுதியிலேயே முழங்கால் பற்றிச் சொல்லியிருந்தேன். அவர் பாதையையே பெஞ்சு பெஞ்சாக மாற்றி வைத்திருந்தார். பொம்மை வீட்டை எதிர் நடைபாதைத் திண்ணையிலிருந்துதான் பார்த்தோம். நான்கு மணி நேரம் ஐந்தே முக்கால் ஆனது. செர்தான் வீட்டுக்கு நேரமில்லாமல் போனது, மறுநாள் நாங்களே போனோம். கல்தச்சன் சொன்ன குழியைத் தேடிப் பிடித்தேன், நன்றி.

கடை ஒன்று வந்தது. மறைக்கவில்லை. ஆனால் அது 1824-லிருந்து இருக்கும் தலாவெரா பீங்கான் பட்டறை, உள்ளே கறுப்பு மண்ணும் வெள்ளை மண்ணும் கலப்பதைப் பார்த்தோம். இரண்டு முறை சூளையில் போகிறது. அடியில் பட்டறையின் எழுத்து இல்லாதது அசல் இல்லை என்று சொல்லிவிட்டு, வாங்கச் சொல்லிக் கைடு ஒரு வார்த்தை பேசவில்லை. அம்மா விலையைப் பார்த்துவிட்டுத் திரும்ப வைத்தார்.

கத்தரினா கல்லறையில், கொச்சி என்ற பெயரைக் கைடு சொன்னதும் அம்மா என்னிடம் தமிழில் கேட்டது ஒன்றே ஒன்று: “அந்தப் பெண்ணுக்கு அங்கே பேச்சுத்துணைக்கு யாராவது இருந்தார்களா?” நான் மொழிபெயர்த்தேன். அவளுடைய ஸ்பானிஷ் கடைசிவரை கொச்சையாகத்தான் இருந்தது என்று சொல்கிறார்கள் என்றார் கைடு. அம்மா அப்புறம் கொஞ்ச நேரம் எதுவும் கேட்கவில்லை.

இனிப்புக் கடைத் தெருவில் சர்க்கரைவள்ளி மிட்டாய் இரண்டு பெட்டி. புளிக்காய்ச்சல் அப்படியே திரும்பி வந்தது.

வரைபடம்போதும்:
நல்லது. அப்பா சண்டை பிடித்தாரா இல்லையா? தேவதை மணி கதைக்கு என்ன ஆயிற்று?

மேகமலை:
அதை எழுத மறந்துவிட்டேன். கைடு மணி கதையைச் சொல்லி முடித்ததும் நான் அப்பா முகத்தைப் பார்த்தேன். அவர், “இதை நீங்கள் நம்புகிறீர்களா?” என்று நேராகக் கேட்டுவிட்டார். கைடு, “என் பாட்டி நம்பினாள். இந்தத் தேவாலயத்தை 1575-ல் தொடங்கி 1649-ல் திறப்பு விழா செய்தார்கள், அதற்கு நடுவில் கல் சுமந்தவர்கள் பெயர் ஒன்றும் நமக்கு வரவில்லை. தேவதைகள் பெயர் மட்டும் ஊருக்கே வைத்திருக்கிறது, பழைய பெயர் ‘தேவதைகளின் புவெப்லா’” என்றார்.

அப்பா பெஞ்சில் நகர்ந்து அவருக்கு இடம் கொடுத்தார். பெரிய கோயிலுக்குச் சாரப்பள்ளத்திலிருந்து சாரம் கட்டி உச்சிக்கல்லை ஏற்றிய கதையை ஆரம்பித்து, நிழல் கதை வரை வந்தார். நான் மொழிபெயர்த்தே களைத்துப் போனேன். சிலிக்காரர்கள் போய்க் காபி வாங்கி வந்தார்கள். அந்த ஒன்றே முக்கால் மணி நேரம் எங்கே போயிற்று என்று இப்போது கணக்குத் தெரிகிறதா?